ஆசோவும் நானும் செய்த சமாதான ஒப்பந்தம்

என் வீட்டுக்காரர் இறந்த பிறகும் அவருடைய சட்டைகளை நான் துவைத்துக் காயப்போட்டுக்கொண்டிருந்தேன். யாரும் உடுத்தாத சட்டையில் அழுக்கு எங்கிருந்து வரும். அலமாரியில் கிடந்தால் பூஞ்சை பிடிக்கும் என்று மகளிடம் சொல்லி வைத்தேன். கொடியில் அந்த நீலச் சட்டை காற்றுக்கு ஆடும்போது வீட்டில் ஆள் இருக்கிற மாதிரி இருந்தது, அவ்வளவுதான். அவர் பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைகளுக்கு வேலைக்குப் போகிற பெண்களை ஏற்றிச் செல்லும் பஸ் ஓட்டினார். நீலச் சட்டை கம்பெனி கொடுத்தது.

எங்கள் ஃபிளாட்டில் ஒவ்வொரு மாடிக்கும் ஒரு நீளமான நடைபாதை. எல்லா வீட்டுக் கதவும் அதைப் பார்த்துத்தான் இருக்கும். எனக்கு அடுத்த கதவு ஆசோவுடையது. ஆசோ என்பது பெயர் இல்லை, சீனர்கள் அண்ணியைக் கூப்பிடும் முறை. என்னைவிடச் சில வயது மூத்தவள் என்பதால் நானும் அப்படியே கூப்பிட்டேன். அவள் என்னை ஆச்சி என்பாள். இங்கே சீனர்களும் மலாய்க்காரர்களும் தமிழ்ப் பெண்களை அப்படித்தான் கூப்பிடுவார்கள். இத்தனை வருஷத்தில் அவள் பெயரை நான் கேட்டதில்லை, என் பெயரை அவளும் கேட்டதில்லை. நாங்கள் பேசிக்கொண்டது சந்தை மலாய். அதில் அவள் கொஞ்சம் சீனத்தையும் பேச்சு வாக்கில் ஒரு 'லா'வையும் போடுவாள், நான் கொஞ்சம் தமிழைப் போடுவேன். என் காதில் அது எப்படி விழுந்ததோ அப்படியே இங்கே தமிழில் எழுதுகிறேன்.

அது சீனர்களுடைய ஏழாம் மாதம். அந்த மாதம் முழுக்கச் செத்தவர்களுக்கு அங்கே கதவு திறந்திருக்கும் என்பார்கள். காகிதத்தில் செய்த துணி, செருப்பு, வீடு, கார் என்று வாங்கி எரிப்பார்கள். எரிந்தது புகையாய்ப் போய் அங்கே நிஜப் பொருளாகச் சேர்ந்துவிடுமாம். ஆசோவின் வீட்டுக்காரர் என்னவருக்கு முன்பே போய்விட்டவர். அவருக்காக அவள் நடைபாதை ஓரத்தில் ஒரு பழைய பிஸ்கட் டின்னை வைத்து எரித்துக்கொண்டிருந்தாள். காற்று திடீரென்று என் பக்கம் திரும்பியது. ஒரு பொறி பறந்து வந்து நீலச் சட்டையின் பையில் உட்கார்ந்தது. நான் ஓடி வருவதற்குள் பை இருந்த இடத்தில் ஓட்டை விழுந்துவிட்டது.

எனக்குச் சண்டை போட வராது. பஸ்ஸில் யாராவது என் காலை மிதித்தால் நான்தான் மன்னிப்புக் கேட்பேன். சட்டையை உருவிக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். அழுத சத்தம் வெளியே கேட்டிருக்க வேண்டும். மறுநாள் காலையில் ஆசோ ஒரு பை நிறைய ஜம்புக் காயோடு வந்து நின்றாள்.

"ஆச்சி, நான் வேணும்னு செய்யல."

"தெரியும் ஆசோ. பரவாயில்ல."

"பரவாயில்லைன்னா கண்ணு ஏன் இப்படி வீங்கிக் கெடக்கு?"

நான் சட்டையை மடியில் போட்டு நீவிக்கொண்டிருந்தேன். அவள் பக்கத்தில் உட்கார்ந்து ஓட்டையில் விரலை விட்டுப் பார்த்தாள்.

"ஏழாம் மாசத் தீயில போனது எதுவும் வீணாப் போகாது. அங்கதான் போயிருக்கும். என் வீட்டுக்காரர் கையில கெடைச்சிருக்கும். உன் வீட்டுக்காரர் அங்கதானே இருக்கார்? இவர் எடுத்து அவருக்குக் குடுத்திருப்பார்."

"பையி மட்டும்தானே ஆசோ போச்சு?"

நான் வேடிக்கையாகச் சொல்லவில்லை. உண்மையாகவே அதுதான் என் கவலை. ஆசோ என்னையே பார்த்தாள். பிறகு சிரிக்க ஆரம்பித்தாள்.

"அப்ப அங்க வெறும் பையை மாட்டிக்கிட்டு நிக்கிறாரா லா உன் புருஷன்?"

எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. இருவரும் சிரித்து முடித்த பிறகு ஆசோவின் முகம் மாறியது.

"குடுத்திருப்பாரான்னுதான் தெரியல, ஆச்சி. உயிரோட இருந்தப்பவே ரெண்டு பேரும் பேசல."

அது உண்மை. எங்கள் மாடிப்படிக்குக் கீழே மழை படாத இடம் ஒன்றே ஒன்றுதான் உண்டு. என்னவருடைய மோட்டார் சைக்கிளை அங்கே வைப்பதா, ஆசோவின் வீட்டுக்காரருடைய சைக்கிளை வைப்பதா என்று சண்டை ஆரம்பித்தது. அவர் ஐஸ் கம்பெனியில் வேலை பார்த்தவர், அதிகம் பேசாத மனிதர். பேசாமலேயே என்னவருடைய வண்டியை நகர்த்தி மழையில் விட்டுவிடுவார். என்னவர் பேசிக்கொண்டே அவருடைய சைக்கிளை நகர்த்துவார். பிறகு அந்தப் பேச்சும் நின்றுபோனது. நடைபாதையில் எதிரே வந்தால் ஒருவர் கடலைப் பார்ப்பார், ஒருவர் சுவரைப் பார்ப்பார். எங்கள் மாடியிலிருந்து கடல் தெரியாது. இருந்தாலும் என்னவர் அந்தப் பக்கம்தான் பார்ப்பார். பெண்கள் நாங்கள் இருவரும் அவர்களுக்குத் தெரியாமல் கறிவேப்பிலையும் இஞ்சியும் மாற்றிக்கொள்வோம்.

"அங்க போயும் சண்டை போட்டுக்கிட்டிருந்தா, நாம அனுப்புறது எப்படி லா போய்ச் சேரும்?" என்று ஆசோ கேட்டாள்.

அதற்கு அவளே ஒரு வழி சொன்னாள். டிவி செய்தியில் சண்டை போட்ட இரண்டு நாட்டுத் தலைவர்கள் நீள மேசையில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டு, பேனாவை மாற்றிக்கொண்டு கைகுலுக்குவார்களே, அந்த மாதிரி செய்துவிடலாம் என்றாள். செய்தியில் அதற்கு 'பெர்ஜாஞ்சியான் டமாய்' என்று சொல்வார்கள். சமாதான ஒப்பந்தம். ஆண்கள் போய்விட்டார்கள், எனவே அவர்கள் சார்பில் நாங்கள் பேச வேண்டும். கையெழுத்துப் போட ஒன்றும் இல்லை. எழுதினால் எந்த மொழியில் எழுதுவது. கோப்பி ஆற்றிக் குடித்துக்கொண்டே வாயால் பேசி முடித்தோம்.

படிக்கட்டுக்குக் கீழே உள்ள இடத்தைப் பற்றி அங்கே யாரும் வாயெடுக்கக் கூடாது என்பதுதான் முதல் பேச்சு. ஆசோ தீயில் அனுப்புவதில் அவள் வீட்டுக்காரர் என்னவருக்குப் பங்கு கொடுக்க வேண்டும். தீபாவளிக்கு முதல்நாள் நான் என்னவருக்கு இலை போட்டுப் படையல் வைப்பேன். அந்தச் சாப்பாட்டுக்கு என்னவர் ஆசோவின் வீட்டுக்காரரைக் கூப்பிட்டு உட்கார வைக்க வேண்டும். என் மீன் குழம்பு கொதிக்கும்போது தன் வீட்டுக்காரர் சன்னலோரம் வந்து நிற்பார் என்று ஆசோ அன்றைக்குத்தான் சொன்னாள். சண்டை இருந்ததால் கேட்க முடியாமலேயே போய்ச் சேர்ந்துவிட்டார்.

சாப்பாட்டு விஷயத்தில் ஆசோ கொஞ்சம் தயங்கினாள்.

"மாட்டிறைச்சி எங்க வீட்டுல கெடையாது. நான் குவான் யின் அம்மாவைக் கும்பிடுறவ. ஆனா பன்றி வைப்பேன். உன் வீட்டுக்காரருக்கு ஆகுமா?"

"வீட்டுல சாப்பிட மாட்டார்."

"வெளியில?"

நான் கோப்பியைப் பார்த்தேன்.

"சரி சரி," என்றாள் ஆசோ. "அங்கயும் வெளியில சாப்பிடட்டும்."

இன்னொன்றும் அவள் தானாகவே சொன்னாள். செத்தவருடைய வீட்டு ஆளுக்குத் தெரியாமல் அவருக்கு எதையும் அனுப்பக் கூடாது. அந்தச் சட்டை எனக்குத் தெரியாமல் போனதுதானே எல்லாவற்றுக்கும் காரணம். நாம் அனுப்புகிறோமே, பதிலுக்கு அங்கிருந்து ஏதாவது வர வேண்டாமா என்று நான் கேட்டேன். ஆசோவுக்குப் பயம் வந்துவிட்டது. ஆள் வரக் கூடாது, சத்தம் வரக் கூடாது, கனவு மட்டும் வரலாம் என்று கறாராகச் சொல்லிவிட்டாள். நானும் சரி என்றேன். பிறகு அவள் கையை நீட்டினாள். நான் புடவையில் கையைத் துடைத்துக்கொண்டு குலுக்கினேன். அதற்கு முன்பு யாருடைய கையையும் நான் அப்படிக் குலுக்கியதில்லை.

அடுத்த வருஷம் ஏழாம் மாதத்தில் ஆசோ ஒரு காகிதக் கார் வாங்கி வந்தாள். முழங்கை நீளம், வெள்ளை நிறம், உள்ளே ஸ்டீயரிங்கூட இருந்தது.

"என் புருஷனுக்கு ஓட்டத் தெரியாதே ஆச்சி. உன் புருஷனுக்கு லைசென்ஸ் இருக்கு. கார் இவரோடது, ஓட்டுறது அவர். எப்படி?"

நான் அந்த ஓட்டைச் சட்டையை மடித்து எடுத்துக்கொண்டு போனேன். ஒரு வருஷம் ஆகியிருந்தது, கொடுத்துவிடலாம் என்று தோன்றியது. அந்த முறை நடைபாதையில் எரிக்காமல் கீழே சிமெண்டுத் தரையில் எரித்தோம். ஆசோ காரையும் சட்டையையும் அடுக்கி, சுற்றிலும் சுண்ணாம்புக் கட்டியால் ஒரு வட்டம் போட்டாள். வழியில் போகிற அநாதை ஆவிகள் புகுந்து பிடுங்கிக்கொள்ளாமல் இருப்பதற்காம். எங்களிடமும் அது உண்டு. படையல் இலையைச் சுற்றித் தண்ணீர் விளாவுவோம். ஆகவே ஆசோ தீக்குச்சியைத் தேடிக்கொண்டிருந்தபோது, என் பங்குக்கும் ஒரு காவல் இருக்கட்டும் என்று நான் வீட்டிலிருந்து கொண்டுவந்த செம்புத் தண்ணீரைக் கையில் ஊற்றிச் சுற்றிலும் விளாவினேன். இலை ஓரடி அகலம். இது பெரிய குவியல். கை எட்டாமல் வீசியதில் பாதித் தண்ணீர் காரின் மேலேயே விழுந்துவிட்டது.

ஆசோ திரும்பிப் பார்த்தாள். "ஆச்சி, என்ன செய்ற?"

"காவல்."

"தீயில போக வேண்டியதுக்குத் தண்ணியிலயா லா காவல்?"

ஒரு பெட்டித் தீக்குச்சி தீர்ந்தது. காகிதம் எரியாமல் புகைந்து, எங்கள் இருவர் கண்ணும் கலங்கி, கடைசியில் ஆசோ மண்ணெண்ணெய் கொண்டுவந்துதான் கார் புறப்பட்டது.

அதற்கப்புறம் சில நாள் கழித்து ஆசோ காலையிலேயே என் கதவைத் தட்டினாள். முகமெல்லாம் சிரிப்பு.

"வந்தாங்க ஆச்சி. ரெண்டு பேரும் ஒண்ணா. உன் வீட்டுக்காரர் ஓட்டுறார், என் வீட்டுக்காரர் பக்கத்துல உட்கார்ந்திருக்கார். நீலச் சட்டை, பையோட. ஆனா ஒரு புகார்."

"என்ன?"

"காலையில கார் ஸ்டார்ட் ஆக மாட்டேங்குதாம். தண்ணி பூந்திருக்காம்."

நான் சிரித்தேன். சிரித்துவிட்டுக் கதவைச் சாத்திய பிறகு சுவரில் சாய்ந்து நின்றேன். அவருக்குக் கார் ஆசை உண்டு. ஊரான் பிள்ளைகளையே ஏற்றி ஏற்றி இறக்கியவர். சொந்தமாக ஒன்று வாங்கி என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து தீவை விட்டுப் பாலத்தைத் தாண்டிப் போக வேண்டும் என்பார். அவர் பக்கத்தில் யாரோ உட்கார்ந்திருக்கிறார் என்பது நிம்மதியாகத்தான் இருந்தது. அந்த இடம் எனக்கு உரியது என்ற நினைப்பும் வந்தது.

என் கனவில் அவர் வந்ததே இல்லை. எவ்வளவோ வேண்டிக்கொண்டு படுத்திருக்கிறேன். அவருடைய தலையணையை என் தலைக்கு வைத்துப் பார்த்தேன். என் கனவில் கோழி வரும், கூரை ஒழுகும், மகள் சின்னப் பிள்ளையாகிப் பள்ளிக்கூடப் பையைத் தேடுவாள். அவர் மட்டும் வர மாட்டார். எல்லாக் கனவும் ஆசோவுக்குத்தான். எனவே வருஷத்துக்கு வருஷம் அவரைப் பற்றிய சேதி எனக்கு அடுத்த கதவிலிருந்துதான் வந்தது. முடி கொஞ்சம் கொட்டிவிட்டது என்பாள். மீன் குழம்பில் புளி தூக்கலாய் இருந்ததாகச் சொல்லச் சொன்னார் என்பாள். அந்த வருஷம் உண்மையிலேயே புளி தூக்கல்தான். என்னைப் பற்றிக் கேட்டாரா என்று ஒரு தடவை தைரியமாகக் கேட்டுவிட்டேன்.

ஆசோ கையிலிருந்த நூலைப் பின்னுவதை நிறுத்தாமல், "கேட்காம? ஆச்சி ஏன் தனியா இருக்கும்போது விளக்கு போட மாட்டேங்குறான்னு கேட்டார்," என்றாள்.

அன்றிலிருந்து பொழுது சாய்ந்ததும் விளக்கைப் போட்டுவிடுவேன்.

ஆசோ உண்மையிலேயே அதையெல்லாம் கனவில் பார்த்தாளா என்று என் மகள் ஒருநாள் கேட்டாள். நான் ஆசோவிடம் அதைக் கேட்டதில்லை. தாகத்துக்குத் தண்ணீர் கொடுக்கிறவளிடம் எந்தக் குழாயில் பிடித்தாய் என்று யாராவது கேட்பார்களா.

அப்படியே வருஷங்கள் போயின. எங்களுக்கும் வயதாகிவிட்டது. ஆசோவின் கால்கள் வீங்க ஆரம்பித்தன. ஒரு மழை நாளில் குளியலறையில் வழுக்கி விழுந்தாள். அவளுக்கு ஒரே மகன். பாலத்துக்கு அந்தப் பக்கம் செபராங் ஜெயாவில் வீடு வாங்கிக் குடும்பத்தோடு இருந்தான். வந்து தூக்கிக்கொண்டு போய்விட்டான். நல்ல பிள்ளை, தாயைத் தனியே விட மனமில்லாமல்தான் கொண்டுபோனான். அந்த வீட்டில் வேறு குடும்பம் குடியேறியது.

போனில் பேசிப் பார்த்தோம். எங்கள் மலாய் போனுக்குச் சரிப்படாது. அதற்குக் கையும் முகமும் வேண்டும். "சாப்பிட்டியா" என்பாள். "சாப்பிட்டேன்" என்பேன். பிறகு இரண்டு பக்கமும் மூச்சுச் சத்தம்தான் கேட்கும். சீனப் புத்தாண்டுப் பெருநாள் முடிந்து கொஞ்ச நாளில் ஆசோ இறந்துவிட்டாள் என்று மகன் போன் செய்தான்.

மகள் காரில் என்னைக் கூட்டிப்போனாள். மகன் சர்ச்சில் சேர்ந்து பல வருஷம் ஆகிறது என்பது எனக்குத் தெரியும். சடங்கும் அந்த முறைப்படிதான் நடந்தது. வெள்ளைப் பூக்கள், பாட்டு, அமைதியாக உட்கார்ந்திருந்த மனிதர்கள். எல்லாம் அழகாகத்தான் இருந்தது. ஆனால் எதுவும் எரியவில்லை. ஒரு ஊதுபத்திகூட இல்லை. நான் கடைசி வரிசையில் உட்கார்ந்துகொண்டு, வெறுங்கையோடு போகிறாளே என்று நினைத்தேன். என் வீட்டுக்காரருக்கு இத்தனை அனுப்பினவள். கடைசியில் அம்மாவும் ஞானஸ்நானம் வாங்கிக்கொண்டார் என்று மகன் எழுந்து பேசும்போது சொன்னான். அப்படியானால் அவள் போனது வேறு இடமா. எங்கள் ஒப்பந்தம் அவள் ஆட்கள் இருக்கும் இடத்துக்கும் என் ஆட்கள் இருக்கும் இடத்துக்கும்தான். இந்த மூன்றாவது இடத்தைப் பற்றி நாங்கள் ஒன்றும் பேசி வைக்கவில்லையே.

இந்த வருஷம் ஆடி அமாவாசையை ஒட்டியே ஏழாம் மாதம் பிறந்தது. ஃபிளாட்டுக்குக் கீழே இப்போது எரிப்பதற்கென்று ஓர் இரும்புப் பீப்பாய் வைத்திருக்கிறார்கள். மாலையானால் ஆட்கள் வந்து எரிப்பதை நடைபாதையிலிருந்து பார்ப்பேன். ஆசோவுக்கு ஒரு ஜோடிச் செருப்பாவது அனுப்ப வேண்டும் என்ற எண்ணம் பிடித்துக்கொண்டது. அனுப்பினால் ஏதாவது சேதி வரும் என்றும் நினைத்தேன். அவள் எங்கே இருக்கிறாள், மற்ற இருவரையும் பார்த்தாளா என்று தெரிந்தால் போதும். ஆனால் வீட்டு ஆளுக்குத் தெரியாமல் அனுப்பக் கூடாது. ஆசோவின் வீட்டு ஆள் அந்த மகன்தான்.

அவனிடம் போய்க் கேட்க வேண்டும் என்று காரில் ஏறியதும் மகளிடம் சொன்னேன். காரில் சாவியைப் போட்டவள் திரும்பிப் பார்த்தாள்.

"அம்மா, அவங்க சர்ச்சுக்குப் போறவங்க. நீங்க போய் காகிதம் எரிக்கட்டுமான்னு கேட்டா என்ன நினைப்பாங்க? பேசாம எரிச்சிட்டு வாங்களேன். யாரு பார்க்கப் போறா?"

"தெரியாம அனுப்பக் கூடாது."

"யாரு சொன்னா?"

"நாங்கதான்."

மகள் காரை எடுத்தாள்.

பாலத்தைத் தாண்டும் வரை என்ன பேசுவது என்று மனதுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன். செபராங் ஜெயாவில் அவன் வீட்டுக்குள் நுழைந்ததும் எல்லாம் மறந்துவிட்டது. அவன் ஐஸ் போட்ட சிரப்புத் தண்ணீர் கொண்டுவந்து வைத்தான். தலை நரைத்துவிட்டது. இருந்தாலும் என் கண்ணுக்கு நடைபாதையில் ஓடித் திரிந்த பிள்ளைதான்.

"தம்பி, ஏழாம் மாசம்," என்றேன்.

அவனுக்குப் புரிந்துவிட்டது. எங்கள் ஒப்பந்தத்தைப் பற்றி அவனுக்குத் தெரியும். அதைச் சொல்லி எங்களைக் கிண்டல் செய்தவன்தான்.

"ஆண்ட்டி, அம்மா இப்ப ஆண்டவர்கிட்ட இருக்காங்க. அங்க ஒண்ணும் தேவைப்படாது. எல்லாம் இருக்கு."

"செருப்புமா?"

அவன் என்னைப் பார்த்தான். சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாத முகம்.

"உங்களுக்கு மனசு கேக்கலைன்னா செய்ங்க ஆண்ட்டி. நான் தடுக்க மாட்டேன். எங்கிட்டச் சொல்லாம செஞ்சிடுங்க. எனக்குத் தெரிய வேண்டாம்."

அவன் அன்பாகத்தான் சொன்னான். ஆனால் எனக்கு வேண்டியது அதற்கு நேர் எதிரானது. அவனுக்குத் தெரிந்தால்தான் அனுப்பலாம். சிரப்புத் தண்ணீரை ஒரு மடக்குக் குடித்தேன். பிறகு சொன்னேன்.

"உங்களுக்குத் தெரியாம செய்யக் கூடாது தம்பி. உங்க அம்மாதான் அந்த நிபந்தனையைப் போட்டாங்க. இப்ப மாத்தணும்னா ரெண்டு பேரும் ஒத்துக்கணும். அவங்க இல்லையே."

அவன் எழுந்து சன்னலோரம் போனான். திரையை ஒதுக்கி வெளியே பார்த்தான். என் மகள் எழுந்துவிடலாம் என்று கண்ணைக் காட்டினாள். நானும் புடவையைச் சரிசெய்துகொண்டு எழுந்தேன்.

"நான் சரின்னு சொல்ல முடியாது ஆண்ட்டி," என்றான் திரும்பாமலே. "சொன்னா அது நான் நம்புறதுக்கு விரோதம்."

"புரியுது தம்பி. நான் வர்றேன்."

வாசலில் செருப்பை மாட்டும்போது பின்னால் வந்து நின்றான்.

"அம்மா பேரு தெரியுமா உங்களுக்கு?"

தெரியாது என்று தலையாட்டினேன். வெட்கமாக இருந்தது. அத்தனை வருஷம் பக்கத்தில் இருந்துவிட்டு.

"பேரு எழுதாம எரிச்சா வேற யாராவது எடுத்துக்குவாங்கன்னு அம்மா சொல்லுவாங்க." உள்ளே போய் ஒரு துண்டுக் காகிதம் கொண்டுவந்தான். சுவரில் வைத்து மெதுவாக எழுதினான். ஒரு எழுத்தில் நின்று யோசித்து, காற்றில் விரலால் போட்டுப் பார்த்துவிட்டுப் பிறகு எழுதினான். "நான் சரின்னு சொல்லல. தெரியுமா?"

"தெரியும்."

"கறுப்பு வாங்கிடாதீங்க. அம்மாவுக்குக் கறுப்புப் பிடிக்காது. கால் வீங்கியிருந்துச்சு, கொஞ்சம் பெரிசாப் பாருங்க."

எந்த நாள் என்று அவன் கேட்கவில்லை. நானாகவே சொன்னேன். பதினைந்தாம் நாள், பொழுது சாய்கிற நேரம், ஃபிளாட்டுக்குக் கீழே. அவன் கேட்டுக்கொண்டான், தலையாட்டவில்லை. எனக்கு அதுவே போதுமாக இருந்தது.

காகிதச் சாமான் விற்கும் கடைக்கு அதுவரை ஆசோவோடுதான் போயிருக்கிறேன், அதுவும் வாசல் வரை. இந்த முறை தனியாகப் போனேன். கடைக்காரப் பெண் சீனத்தில் ஏதோ கேட்டாள். நான் செருப்பைக் காட்டி, என் காலைக் காட்டி, கையை அகலமாக விரித்தேன். அவள் சிரித்துவிட்டுப் பச்சை நிறத்தில் பூப்போட்ட ஒரு பெரிய ஜோடியை எடுத்துப் பெட்டியில் வைத்தாள். துண்டுக் காகிதத்தைக் கொடுத்ததும் பெட்டியின் மேல் அந்தப் பெயரைப் பேனாவால் எழுதினாள். வாய்விட்டும் ஒரு தரம் வாசித்தாள். ஆசோவின் பெயரை நான் கேட்டது அப்போதுதான். வழி முழுக்க வாய்க்குள் சொல்லிக்கொண்டே வந்தேன். வீடு வருவதற்குள் நழுவிவிட்டது.

பதினைந்தாம் நாள் மாலையில் பீப்பாயைச் சுற்றி நல்ல கூட்டம். எல்லோரும் குடும்பம் குடும்பமாக நின்றார்கள். ஒரு தமிழ்க் கிழவி தனியாகப் பெட்டியோடு நிற்பதைப் பார்த்து ஒரு பெரியவர் நகர்ந்து இடம் விட்டார். பீப்பாயைச் சுற்றிச் சுண்ணாம்புக் கட்டியால் வட்டம் போட்டேன். தண்ணீர் கொண்டுபோகவில்லை. என்ன சொல்லிப் போடுவது என்று தெரியவில்லை. ஆசோ சீனத்தில் ஏதோ முணுமுணுப்பாள். நான், "ஆசோ, ஒங்க மகனுக்குத் தெரியும்," என்று மட்டும் சொல்லிப் பெட்டியை உள்ளே விட்டேன். சீக்கிரமே பிடித்துக்கொண்டது. சாம்பல் மேலே சுழன்று போய், எங்கள் மாடியையும் தாண்டிப் போனது. எந்த இடத்துக்குப் போனது என்று எனக்கு எப்படித் தெரியும்.

அதன் பிறகு தினமும் காத்திருந்தேன். என் கனவுகளில் வழக்கம்போலக் கோழி வந்தது.

ஒரு வாரத்துக்கு மேல் இருக்கும். காலையில் மாவு கரைத்துக்கொண்டிருந்தேன், போன் அடித்தது. ஆசோவின் மகன்.

"சாப்பிட்டாச்சா ஆண்ட்டி?"

"இப்பதான் தோசை ஊத்தப் போறேன் தம்பி."

பாலத்தில் நெரிசல் என்றான். மழை விடவே இல்லை என்றான். நான் ஆமாம் ஆமாம் என்று கேட்டுக்கொண்டிருந்தேன். பிறகு அவன் குரல் தணிந்தது.

"அன்னைக்கு அந்தப் பக்கம் மழை இல்லையே?"

"இல்ல. நல்லா எரிஞ்சுது."

"ம்ம். அம்மா வந்தாங்களா?"

எங்கே என்று நான் கேட்கவில்லை. பதில் என் நாக்கு நுனி வரை வந்துவிட்டது. வந்தாங்க தம்பி, பச்சைச் செருப்பு, அளவா இருந்துச்சு, உங்களை விசாரிச்சாங்க. ஆசோவாக இருந்தால் அப்படித்தான் சொல்லியிருப்பாள். அதில் ஒரு நகைச்சுவையும் சேர்த்திருப்பாள். எனக்கு அந்த வாய் இல்லை. தோசைக்கல் சூடேறிப் புகைய ஆரம்பித்தது. அடுப்பை அணைத்தேன்.

"வரல தம்பி."

"எனக்கும் வரல," என்றான்.

இரண்டு பேரும் போனை வைக்கவில்லை. அவன் வீட்டில் மழை பெய்யும் சத்தம் எனக்குக் கேட்டது. கொஞ்ச நேரத்தில் இங்கேயும் பெய்ய ஆரம்பித்தது.

"யாருக்கு முதல்ல வந்தாலும் மத்தவங்களுக்குச் சொல்லிடலாமா ஆண்ட்டி?"

"சொல்லிடலாம்."

"காலையில எந்நேரம்னாலும் பரவாயில்ல. நான் எடுப்பேன்."

சரி என்றேன். இப்போதெல்லாம் நான் மத்தியானத்திலும் கொஞ்சம் படுத்துப் பார்க்கிறேன்.